பெங்களூர்ல இட்லி மாவு போட்டு விக்கறதுன்னா எங்க இருந்து ஆரம்பிக்கறது

வீட்ல இருந்தே ஏதாவது சாப்பாட்டு ஐட்டம் பண்ணி விக்கலாம்னு யோசிக்கற நம்ம ஆளுங்க முக்காவாசி பேருக்கு முதல்ல தோணறது இட்லி தோசை மாவுதான், அல்சூர்ல இருந்து ஒயிட்ஃபீல்டு வரைக்கும் யார கேட்டாலும் "எங்க அண்ணி ஆட்டிக் குடுக்கறாங்க, எங்க மாமியார் பத்து வீட்டுக்கு குடுக்கறாங்க"ன்னு ஒரு கதை இருக்கும். நல்ல ஐட்டம்தான், தினமும் வாங்குவாங்க, சீசன்லாம் கிடையாது. ஆனா ஒண்ணு தெரிஞ்சுக்கிட்டு இறங்குங்க, பாக்கெட் மாவுக்கு தலைநகரமே இந்த ஊர்தான். ஐடி ஃப்ரெஷ் 2005ல இங்கதான் ஆரம்பிச்சது, பி.சி. முஸ்தபாவும் அவர் கசின்ஸும் சேந்து, திப்பசந்திரா பக்கம் சின்னதா. அதுக்கு முன்னாடி எம்டிஆர், 1924ல ஹோட்டலா ஆரம்பிச்சு எமர்ஜென்சி சமயத்துல இருந்து பாக்கெட் மிக்ஸுக்கு போனவங்க. அதனால எந்த கடை கூலர திறந்தாலும் ஏற்கனவே நாலு பிராண்ட் உக்காந்திருக்கும், நீங்க அஞ்சாவது ஆள்.

அதுக்காக பயந்துக்க வேணாம். டேஸ்ட்ல பெரிய கம்பெனிய ஜெயிக்கறது கஷ்டமே இல்ல, அன்னிக்கு ஆட்டின மாவுக்கு இருக்கற மதிப்பு தனி. காசு போறது வேற இடத்துல, வித்தது போக திரும்பி வருது பாருங்க பாக்கெட்டு, அங்கதான் போகுது. அரிசி விலை, உளுந்து விலைன்னு எல்லாரும் மண்டைய உடைச்சுப்பாங்க, ரிட்டர்ன யாரும் கணக்குல எழுதவே மாட்டாங்க.

ஒரு உதாரணம் போட்டு பாப்போம், விலையெல்லாம் சும்மா கணக்குக்கு வச்சது, உங்க ஏரியா விலைய போட்டுக்கோங்க. இட்லி அரிசி 4 கிலோ, கிலோ 50 ரூபான்னா 200. முழு உளுந்து 1 கிலோ 140. ஆக 340 ரூபாக்கு 5 கிலோ சாமான், தண்ணி சேந்து மாவா வரும்போது பதினொன்னரை கிலோ கிட்ட வரும். அப்போ கிலோ மாவுக்கு சாமான் செலவு 30 ரூபா. கவர் 3, கரண்ட் தண்ணி உப்பு 4, வண்டி பெட்ரோல் 4, உதவிக்கு ஒரு ஆள்னா 6 வச்சுக்கோங்க, 47 ஆச்சு. ஒரு கிலோ பாக்கெட்டுக்கு எம்ஆர்பி 70ன்னு போட்டு கடைக்காரர் 12 ரூபா எடுத்துக்கிட்டா உங்க கைக்கு 58. நூறு பாக்கெட் போட்டு நூறும் வித்தா 1100 ரூபா நிக்கும். பத்து பாக்கெட் திரும்பி வந்துச்சுன்னா? 520தான். இருபது திரும்பி வந்தா கைல இருந்து 60 ரூபா போச்சு! நூத்துக்கு எண்பது வித்தும் நஷ்டம். இத ஒரு தடவை உங்க நோட்டுல எழுதி பாத்துட்டீங்கன்னா, அப்புறம் "அண்ணா இன்னும் இருபது பாக்கெட் வச்சுக்கோங்க, போகலன்னா நாளைக்கு எடுத்துக்கறேன்"னு கடைக்காரர்கிட்ட சொல்லவே வாய் வராது.

அதனால முதல்ல கடைக்கு போகாதீங்க. முன்கூட்டியே ஆர்டர் எடுத்து குடுங்க. உங்க அபார்ட்மென்ட், பக்கத்து ரெண்டு அபார்ட்மென்ட், ஒரு வாட்ஸ்அப் குரூப், ராத்திரி ஒம்பது மணிக்குள்ள யாருக்கு எத்தனைன்னு சொல்லிடணும், காலைல அத்தனைக்கு மட்டும் ஊற வைங்க, சாயங்காலம் அஞ்சுல இருந்து எட்டுக்குள்ள கைல குடுத்துடுங்க. ரிட்டர்னே கிடையாது, கடை கமிஷன் கிடையாது, கூலர் கூட பெருசா தேவையில்ல. பெல்லந்தூர் சர்ஜாப்பூர் பக்கம் இருக்கற பெரிய கேட்டட் கம்யூனிட்டில ஒண்ணு புடிச்சா போதும், ஆனா அங்க அசோசியேஷன்கிட்ட முதல்லயே பேசிடுங்க, சில இடத்துல வெளி ஆள் விக்கறதுக்கு பர்மிஷன் வாங்கணும். ஃபுட் டெலிவரி ஆப், பத்து நிமிஷ டெலிவரி ஆப் எல்லாம் அப்புறம். ஆப் கமிஷனையும் மேல சொன்ன கணக்குல போட்டு பாருங்க, ஏன் அப்புறம்னு சொன்னேன்னு புரியும்.

கடைக்கு போற கட்டம் வந்தா, விலைய பேசறதுக்கு முன்னாடி ஒரு கேள்வி கேளுங்க: ராத்திரி கடைய மூடும்போது கூலர் ஆன்ல இருக்குமா? நிறைய பேர் கரண்ட் பில்லுக்காக ஆஃப் பண்ணிட்டு போயிடுவாங்க. காலைல பாத்தா மாவு பொங்கி பாக்கெட் பலூன் மாதிரி நிக்கும், சில நேரம் வெடிச்சு பக்கத்துல இருக்கற பால் பாக்கெட் மேலல்லாம் ஒழுகும், திட்டு உங்களுக்குத்தான். 5 டிகிரிக்கு கீழ இருந்தாதான் புளிப்பு மெதுவாகும். இதுக்கு ஒத்துக்காத கடை எவ்வளவு பெரிய கடையா இருந்தாலும் விட்டுடுங்க.

இப்ப ஆட்டற விஷயம். இது உங்களுக்கு தெரிஞ்சதுதான், ஆனா வீட்டுக்கு ஆட்டறது வேற, விக்க ஆட்டறது வேற, தினமும் ஒரே மாதிரி வரணும். அரிசி ஒரே லாட்ல வாங்குங்க, யஷ்வந்த்பூர் ஏபிஎம்சி யார்டுல, அதாவது மொத்த மார்க்கெட்ல போய் மூட்டையா வாங்கறது கடையில சில்லறையா வாங்கறதவிட கட்டுப்படியாகும், புது மூட்டைன்னா முதல்ல ரெண்டு கிலோ வீட்டுக்கு ஆட்டி பாத்துட்டுதான் விக்கறதுக்கு எடுக்கணும். உளுந்து முழுசா தோல் எடுத்தது, புதுசா இருக்கணும், பழைய உளுந்து பொங்கவே பொங்காது, அங்க மிச்சம் புடிக்கற பத்து ரூபா கஸ்டமர காலி பண்ணிடும். கிரைண்டர் கோயம்புத்தூர் டில்டிங் டைப் (சாய்ச்சு மாவ ஊத்தறது) பத்து லிட்டர் போதும் ஆரம்பத்துக்கு. கல்லு சூடாச்சுன்னா மாவு சூடாகும், சூடான மாவு சீக்கிரம் புளிக்கும், அதனால மார்ச்ல இருந்து மே வரைக்கும் ஐஸ் தண்ணி ஊத்தி ஆட்டுங்க. டிசம்பர் ஜனவரில இந்த ஊர் கதை தலைகீழ், ராத்திரி 15 டிகிரி கிட்ட போயிடும், மாவு அசையவே அசையாது, "உங்க மாவு பொங்கலயே"ன்னு போன் மேல போன் வரும். கவர்ல ரெண்டு வரி எழுதிடுங்க, குளிர் காலத்துல ஃப்ரிட்ஜ்ல வைக்கறதுக்கு முன்னாடி வெளிய எத்தனை மணி நேரம் வைக்கணும்னு. இந்த ரெண்டு வரி பாதி போன குறைச்சிடும்.

சோடா போடாதீங்க. இன்னொன்னு, சில வீட்ல பூ மாதிரி வரணும்னு ஆமணக்கு கொட்டை ரெண்டு போட்டு ஆட்டற பழக்கம் உண்டு, அதுல ரைசின்னு ஒரு விஷம் இருக்கு, விக்கற மாவுல அது வேணவே வேணாம்.

தண்ணிக்கு வருவோம். போர் தண்ணியா, காவேரியா, டேங்கரான்னு பாக்காம யாரும் ஆரம்பிக்க வேணாம். 2024 கோடைல இந்த ஊர் பட்ட பாடு ஞாபகம் இருக்கும்ல, டேங்கர் வந்தாதான் குளியல்னு இருந்துச்சு. மாவு தொழில்ல ஊற வைக்க, கழுவ, ஆட்ட, பாத்திரம் கிரைண்டர் கழுவன்னு மாவ விட பல மடங்கு தண்ணி போகும். ஆட்ட ஊத்தற தண்ணி கண்டிப்பா ஃபில்டர் தண்ணி, வருஷத்துக்கு ஒரு தடவை லேப்ல குடுத்து டெஸ்ட் பண்ணி ரிப்போர்ட் ஃபைல்ல வச்சுக்கோங்க, இன்ஸ்பெக்ஷன் வந்தா முதல்ல கேக்கறதுல அதுவும் ஒண்ணு.

பேப்பர் வேலை. வீட்ல இருந்து பண்ணாலும் எஃப்எஸ்எஸ்ஏஐ (உணவு பாதுகாப்ப பாக்கற சென்ட்ரல் கவர்மென்ட் அமைப்பு) ரெஜிஸ்ட்ரேஷன் வேணும், "நான் பத்து வீட்டுக்குத்தானே குடுக்கறேன்"ங்கறதெல்லாம் செல்லாது. வருஷ வியாபாரம் 12 லட்சத்துக்குள்ளன்னா பேசிக் ரெஜிஸ்ட்ரேஷன், வருஷத்துக்கு 100 ரூபா ஃபீஸ், அதுக்கு மேலன்னா ஸ்டேட் லைசன்ஸ்ங்கறதுதான் பல வருஷமா இருந்த கோடு, இத அப்பப்ப திருத்துவாங்க, அதனால அப்ளை பண்ற அன்னிக்கு அவங்க ஃபாஸ்கோஸ் அப்ளிகேஷன் சைட்ல ஒரு தடவை பாத்துக்கோங்க. நீங்களே போட்டுக்கலாம், போட்டோ, ஐடி, அட்ரஸ் ப்ரூஃப், அவ்வளவுதான். இதுக்கு ஏஜென்ட் மூவாயிரம் நாலாயிரம் கேட்டா சிரிச்சுட்டு வந்துடுங்க. 14 இலக்க நம்பர் ஒண்ணு வரும், கவர்லயும் பில்லுலயும் போடணும். ட்ரேடு லைசன்ஸ் கார்ப்பரேஷன்ல, 2025 செப்டம்பர்ல இருந்து ஊருக்கே ஒண்ணா இருந்த பிபிஎம்பி கார்ப்பரேஷன் போய் அஞ்சு கார்ப்பரேஷன் ஆகிடுச்சு, உங்க ஏரியா எதுல வருதுன்னு பாத்துட்டு போங்க, இல்லன்னா ஆபீஸ் ஆபீஸா அலையணும். தனியா கடை எடுத்தா போர்டுல 60 பர்சன்ட் கன்னடம் இருக்கணும். கவர்லயும் கன்னடத்துல பேர் போட்டுடுங்க, சட்டத்துக்காக இல்ல, வாங்கறவங்க பாதி பேர் கன்னடக்காரங்க.

கவர்ல என்னென்ன இருக்கணும்னா பேர், என்னென்ன போட்டிருக்குன்னு எடை அதிகமா இருக்கறதுல இருந்து வரிசையா, பச்சை புள்ளி வெஜ் குறி, நிகர எடை, எம்ஆர்பி, தயாரிச்ச தேதி, எதுக்குள்ள யூஸ் பண்ணணும், பேட்ச் நம்பர், உங்க முழு அட்ரஸ், கம்ப்ளெய்ன்ட்டுக்கு போன் நம்பர். பேக் பண்ணி விக்கறவங்க லீகல் மெட்ராலஜில, அதாவது எடை அளவு பாக்கற டிபார்ட்மென்ட்ல, பேக் பண்றவங்கன்னு பதிவு பண்ணணும், தராசுக்கும் முத்திரை இருக்கணும். தேதிய மட்டும் கவரோட சேத்து பிரின்ட் பண்ணாதீங்க, ஸ்டாம்ப் வாங்கிக்கோங்க. ஃபுட் கிரேடு கவர் சிக்பேட்டை மாமூல்பேட்டை பக்கம் கிலோ கணக்குல கிடைக்கும், முதல்லயே பத்தாயிரம் கவர் கலர் பிரின்ட் அடிக்காம சாதா கவர்ல ஸ்டிக்கர் ஒட்டி ஓட்டுங்க, அட்ரஸோ விலையோ மாறினா அத்தனை கவரும் குப்பை.

ஜிஎஸ்டி பத்தி கொஞ்சம் நிதானமா படிங்க. பொருள் மட்டும் விக்கறவங்களுக்கு வருஷம் 40 லட்சம் வரைக்கும், ஸ்டேட்டுக்குள்ளயே வித்தா, ரெஜிஸ்டர் பண்ண தேவையில்ல. ஆனா அத்திப்பள்ளி தாண்டி ஓசூர்ல ஒரு கடைக்கு பில் போட்டு மாவு அனுப்பினீங்கன்னா அது வேற ஸ்டேட், முதல் பாக்கெட்ல இருந்தே ரெஜிஸ்ட்ரேஷன் வேணும், 40 லட்சம்லாம் அங்க பேச்சே இல்ல. நம்ம ஆளுங்களுக்கு ஓசூர்ல சொந்தக்காரங்க கடை இருக்கும், "மச்சான் பத்து பாக்கெட் அனுப்பு"ம்பாங்க, யோசிச்சு அனுப்புங்க.

அப்புறம் யுபிஐ. 2025 ஜூலைல கர்நாடகா கமர்ஷியல் டாக்ஸ் டிபார்ட்மென்ட் யுபிஐ வரவ வச்சு ஆயிரக்கணக்கான சின்ன கடைங்களுக்கு ஜிஎஸ்டி நோட்டீஸ் அனுப்பினப்ப, டீக்கடை பேக்கரி எல்லாம் கியூஆர் கோட கிழிச்சுட்டு "கேஷ் மட்டும்"னு பேப்பர் ஒட்டினாங்க. நீங்க கிழிக்க வேணாம். மாவுக்குன்னு தனி அக்கவுன்ட், தனி கியூஆர் வச்சுக்கோங்க, சீட்டுப் பணம், தம்பி அனுப்பற பணம், வாடகை எதுவும் அதுல வரக்கூடாது. ஒரு சாதா நோட்டுல தினமும் எத்தனை பாக்கெட் போச்சு, எவ்வளவு வந்துச்சுன்னு எழுதுங்க. நாளைக்கு யாராவது கேட்டா காட்டறதுக்கு அதுதான் இருக்கு.

வீட்டு ஓனர், பக்கத்து வீடு, இவங்கள மறந்துடாதீங்க. காலைல நாலரை மணிக்கு கிரைண்டர் ஓடினா கீழ் வீட்டுக்காரர் ரெண்டு நாள் பொறுத்துப்பார், மூணாவது நாள் ஓனருக்கு போன் போட்டுடுவார். கிரைண்டருக்கு கீழ கனமான ரப்பர் மேட் போடுங்க, ஆட்டறத மதியத்துக்கு மாத்துங்க, சாயங்காலம் டெலிவரிக்கு அதுதான் சரியாவும் வரும். வீட்டு மீட்டர்ல கமர்ஷியல் லோடு ஓடறத கரண்ட் குடுக்கற பெஸ்காம் கண்டுபுடிச்சா தனி பஞ்சாயத்து, பெரிய மெஷின் வாங்கறதுக்கு முன்னாடியே கனெக்ஷன மாத்திக்கோங்க.

மெஷினுக்கு லோன் எடுக்கறதா இருந்தா பிஎம்எஃப்எம்இன்னு சென்ட்ரல் கவர்மென்ட் ஸ்கீம் 2020ல வந்துச்சு, சின்ன உணவு தயாரிப்பாளர்களுக்கு ப்ராஜெக்ட் செலவுல 35 பர்சன்ட் மானியம், அதிகபட்சம் 10 லட்சம், இப்ப அப்ளிகேஷன் வாங்கறாங்களான்னு பேங்க்ல கேட்டுட்டு திட்டம் போடுங்க. மானியம் வருதேன்னு பெரிய மெஷின் வாங்கறது மட்டும் வேணாம், மீதி லோன்தான். மைசூர்ல சிஎஃப்டிஆர்ஐ இருக்கு, 1950ல இருந்து உணவு ஆராய்ச்சி பண்ற இடம், ஷார்ட் டெர்ம் கோர்ஸ் நடத்துவாங்க, பக்கத்து ஊர்லயே இப்படி ஒண்ணு இருக்கும்போது ஒரு தடவையாவது போய்ட்டு வாங்க.

மாவு வியாபாரம் நிலைச்சதுக்கு அப்புறம் அடுத்த ஐட்டம் என்னன்னு கேப்பீங்க. சட்னி போடலாம்னு எல்லாரும் சொல்வாங்க, தேங்காய் சட்னி மாவ விட சீக்கிரம் கெடும், அது வேணாம். இட்லிப் பொடி நல்லது, மாசக்கணக்குல நிக்கும், அதே கஸ்டமருக்கு அதே பையில போகும். பாதி வெந்த பரோட்டாவும் யோசிக்கலாம், 2020ல இங்க கர்நாடகாலதான் ரொட்டிக்கு 5 பர்சன்ட், பரோட்டாக்கு 18னு தீர்ப்பு வந்து ஊரே சிரிச்சது, 2025 செப்டம்பர் 22ல இருந்து ரெண்டுக்கும் வரி ஜீரோ. ஆனா அதுக்கு மாஸ்டர் ஒருத்தர் வேணும், கூலர் பத்தாது ஃப்ரீஸர் வேணும், ரிட்டர்ன் கணக்க மறுபடி முதல்ல இருந்து போடணும்.