ஜப்பானியத் தொடர்களைப் பார்க்கத் தொடங்குவது எப்படி?

ஜப்பானியத் தொலைக்காட்சித் தொடர்களுக்குப் பிற நாடுகளில் ரசிகர்கள் பெருகியதற்கு நான் முதலில் சொல்லும் காரணம், அவை உரிய காலத்தில் முடிந்துவிடுகின்றன என்பதே. ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் மாதங்களில் புதிய தொடர்கள் தொடங்குவதால், பெரும்பாலான கதைகள் வாரம் ஒன்றாகப் பத்துப் பதினோரு பகுதிகளில் நிறைவு பெறுகின்றன. ஆகவே தயக்கமின்றித் தொடங்கலாம். எதில் தொடங்குவது என்பதில்தான் கவனம் வேண்டும்.

2009இல் வெளிவந்த 'மிட்நைட் டைனர்' தொடரை முதலில் பாருங்கள். நள்ளிரவில் திறக்கும் சிறிய உணவகம் ஒன்றுதான் களம். ஒவ்வொரு பகுதியும் அரை மணி நேரத்திற்குள் முடிந்துவிடும். முதல் பகுதியில், யாகுசா எனப்படும் ஜப்பானியக் குற்றக் கும்பலைச் சேர்ந்த, முரட்டுத் தோற்றமுள்ள ஒருவர் சிவப்பு சாசேஜையே எப்போதும் கேட்கிறார். மதுக்கூடம் நடத்தும் முதியவர் ஒருவர் இனிப்பான முட்டைச் சுருளைக் கேட்கிறார். இருவரும் தங்கள் உணவைப் பகிர்ந்துகொள்கிறார்கள். அவ்வளவுதான், ஆனால் நட்பு என்ற சொல்லை யாரும் உச்சரிக்காமலேயே அது நமக்குப் புரிந்துவிடுகிறது. இத்தகைய இடங்களில் வேகத்தைக் கூட்டிப் பார்த்தால் தொடரின் உயிரே போய்விடும் என்பதால், இயல்பான வேகத்திலேயே பாருங்கள். மொழிமாற்றுக் குரலையும் தவிர்த்து, மூலக் குரலுடன் வசன வரிகளைப் படிப்பதே நல்லது. பேசுபவரின் தயக்கமும் பணிவும் குரலில்தான் இருக்கின்றன.

அடுத்து, இதற்கு நேர்மாறான 'ஹன்சாவா நவோகி'க்குச் செல்லுங்கள். வங்கி அதிகாரி ஒருவர் தம் மேலதிகாரிகளை எதிர்த்து நிற்கும் இந்த 2013ஆம் ஆண்டுத் தொடரில் எல்லாமே உரத்த குரல்தான். ஜப்பானியத் தொடர் என்றாலே மென்மை என்ற எண்ணம் இதைப் பார்த்தபின் நீடிக்காது.

குடும்பக் கதையை விரும்புவோர், கொடுமைக்கு ஆளாகும் சிறுமியை அவளுடைய ஆசிரியை அழைத்துக்கொண்டு தலைமறைவாகும் 'மதர்' தொடரைத் தேர்ந்தெடுக்கலாம். 2010இல் வெளியான இக்கதை துருக்கியிலும் தென்கொரியாவிலும் மீண்டும் எடுக்கப்பட்டது. மூலத்தையும் மறுவடிவம் ஒன்றையும் அடுத்தடுத்துப் பார்த்தால், ஜப்பானியத் தொடர் எங்கே மௌனத்தை நம்புகிறது என்பது தெளிவாகத் தெரியும்.

அறுபதுக்கும் மேற்பட்ட நாடுகளில் ஒளிபரப்பான 'ஓஷின்' தொடரைச் சற்றுத் தள்ளி வையுங்கள். 1983இல் தொடங்கிய அது 297 பகுதிகள் கொண்டது. ஒவ்வொன்றும் காலை நேரத்திற்காக எழுதப்பட்ட பதினைந்து நிமிடப் பகுதி என்பதால், ஒரே மூச்சில் பார்க்காமல் நாளுக்கு ஒன்றாகவே பாருங்கள்.