கிணறு உவராகாமல் இருக்க, விட்டு விட்டு இறையுங்கள்

ஓகஸ்ட், செப்டெம்பர் மாதங்களில் கிணற்று மோட்டரை ஒரே மூச்சில் ஓடவிட்டுத் தாங்கியை நிரப்பாதீர்கள். காலையில் பாதி, மாலையில் மீதி என்று இறையுங்கள். உறிஞ்சு குழாயின் வாயையும் அடியிலிருந்து கொஞ்சம் தூக்கிக் கட்டிவிடுங்கள்.

யாழ்ப்பாணத்தில் வருடம் முழுக்க ஓடும் ஆறு இல்லை. மாரி மழை சுண்ணக்கல்லுக்குள் இறங்கி, கடல்நீரைவிட எடை குறைவு என்பதால் அதன்மேல் மிதந்து நிற்கிறது. நாம் இறைப்பது அதைத்தான். அந்த நன்னீர் மட்டம் ஓர் அடி இறங்கினால், கணக்குப்படி கீழே உள்ள உப்புநீர் 40 அடி வரை மேலே வரப் பார்க்கும். இடைவெளி விட்டால் பக்கத்திலிருந்து நல்ல தண்ணீர் ஊறி வர நேரம் கிடைக்கும். முதலில் வரும் தண்ணீரையும் கடைசியில் வருவதையும் வாயில் விட்டுப் பாருங்கள். கடைசித் தண்ணீர் கரித்தால் இன்னும் குறைத்து இறைக்க வேண்டும்.

கடற்கரையோரம் வருடம் முழுக்க உவராக இருக்கும் கிணற்றுக்கு இது உதவாது. தோட்டக் காணிகளை அண்டிய கிணறுகளில் உரத்திலிருந்து வந்து சேரும் நைத்திரேற்று என்ற இரசாயனமும் இதனால் குறையாது, கொதிக்க வைத்தாலும் போகாது. அந்தத் தண்ணீரில் கைக்குழந்தைக்குப் பால்மா கரைப்பதற்கு முன் கட்டாயம் பரிசோதித்துக்கொள்ளுங்கள்.