நாய்க்கு எக்கோ (இதய ஸ்கேன்) எடுக்கும் முன்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

எங்கள் வீட்டுப் பொமரேனியனுக்கு 11 வயதில் ராத்திரி இருமல் வந்தது. ஸ்டெத் வைத்துப் பார்த்த டாக்டர், "இதயத்துல முணுமுணுப்புச் சத்தம் கேக்குது, எக்கோவும் ஈசிஜியும் எடுத்துடுங்க" என்றார். மன்னார்குடியிலிருந்து கிளம்பும் முன்பே நான் தப்புப் பண்ணிவிட்டேன். முதல் நாள் ராத்திரியிலிருந்து அதற்குச் சோறும் இல்லை, தண்ணீரும் இல்லை. எனக்கு மாஸ்டர் செக்கப்புக்குச் சொன்னதை அதற்கும் செய்துவிட்டேன்.

எக்கோவுக்குப் பொதுவாக வெறும் வயிறு தேவையில்லை. மயக்க மருந்து கொடுப்பதாக இருந்தால்தான் பட்டினி, போனில் கேட்டுக்கொள்ளுங்கள். வயிறு முட்டவும் போடாதீர்கள், படுக்கச் சிரமப்படும். தண்ணீரை மட்டும் நிறுத்தவே கூடாது, அதிலும் நீர் பிரிய மாத்திரை சாப்பிடும் நாய்க்கு. இதய மாத்திரையை 'டெஸ்ட் முடியட்டும்' என்று நாமாக நிறுத்துவது அதைவிட மோசம். மாத்திரை அட்டையைக் கையோடு கொண்டுபோய்க் காட்டுங்கள்.

நம் பக்கம் உண்ணிக்கு வேப்பெண்ணெய் பூசும் பழக்கம் உண்டு. டெஸ்டுக்கு முன் வேண்டாம். ஈசிஜி கிளிப் முழங்கை, முழங்கால் பக்கத்துத் தோலில் மாட்டுவது. பிசுக்கு இருந்தால் கோடு சரியாக வராது. எக்கோவுக்கு முன்னங்கால் இடுக்கில் முடியை மழித்து ஜெல் தடவுவார்கள். முடிக்குள் காற்று நின்றால் படம் தெரியாது. 'அழகு போச்சே' என்று சண்டைக்குப் போகாதீர்கள், வளர்ந்துவிடும். உண்ணிக் காய்ச்சல் வந்திருந்தால் அதையும் சொல்லுங்கள். அதில் ரத்தம் குறையலாம், ரத்தம் குறைந்தாலே முணுமுணுப்புச் சத்தம் கேட்கலாம்.

சித்திரை வெயிலில் பைக் டேங்க்மேல் உட்காரவைத்து அழைத்துப் போனால், நாக்கைத் தொங்கவிட்டு இரைத்துக்கொண்டேதான் உள்ளே நுழையும். இரைக்கும் நெஞ்சில் நுரையீரல் குறுக்கே வந்து இதயத்தை மறைக்கும். காலையிலேயே போய் மரநிழலில் அரை மணி நேரம் உட்காருங்கள். ஒரத்தநாட்டில் 2012 முதல் கால்நடை மருத்துவக் கல்லூரி இருக்கிறது. அங்கேயோ வேறெங்கேயோ, எக்கோ உண்டா, எந்த நாள் என்று கேட்காமல் கிளம்பாதீர்கள்.

நாய் அடங்கட்டும் என்று வீட்டுப் பெரியவர்களின் தூக்க மாத்திரையைக் கொடுப்பது ஆபத்து. துடிப்பும் ரத்த அழுத்தமும் மாறி, டெஸ்டும் குழம்பும். அதற்குப் பதில் ஒரு வாரம் முன்பிருந்தே தினமும் சில நிமிடம் வலப்பக்கமாகப் படுக்கவைத்துப் பழக்குங்கள். டேபிளிலும் முதலில் அப்படித்தான் படுக்கவைப்பார்கள். லஞ்சம் கொடுப்பதானால் கருவாடு வேண்டாம், அத்தனையும் உப்பு. உப்பில்லாமல் வேகவைத்த கோழித்துண்டு கொடுங்கள்.

பலரும் செய்யாமல் விடுவது ஒன்று உண்டு. நாய் அசந்து தூங்கும்போது நெஞ்சு ஏறி இறங்குவதை ஒரு நிமிடம் எண்ணி, நாலைந்து நாள் காலண்டரில் குறித்துவையுங்கள். தொடர்ந்து 30-க்கு மேல் போனால் டெஸ்ட் தேதிவரை காத்திருக்காமல் உடனே டாக்டரைக் கூப்பிடுங்கள். இருமலையும் மயங்கி விழுவதையும் போனில் படம் பிடியுங்கள். டாக்டர் முன்னால் அது ஒரு தடவைகூட இருமாது. என்னிடம் இருந்தது இருபது நொடி வீடியோதான். டாக்டர் மெஷினைப் போடும் முன் அதை மூன்று தடவை ஓட்டிப் பார்த்தார்.