ஒரே ஷாட்டில் முகம் கிழடு தட்ட: மரியோ பாவாவின் சிவப்பு-பச்சை வித்தை

1957-இல் இத்தாலியில் வெளிவந்த 'ஈ வாம்பிரி' படத்தில் ஜான்னா மரியா கனாலேயின் முகம் கேமரா முன்னாலேயே சுருங்கிக் கிழடாகும். நடுவில் கட் கிடையாது, ஒரு காட்சி கரைந்து இன்னொன்றாகும் டிஸ்ஸால்வும் கிடையாது. ஒளிப்பதிவு மரியோ பாவா. இயக்குநர் ரிக்கார்டோ ஃப்ரெடா பாதியில் விலகியதும் மீதியை எடுத்து முடித்தவரும் அவரே. வித்தை அவர் கண்டுபிடித்ததல்ல. ஹாலிவுட்டில் ஒளிப்பதிவாளர் கார்ல் ஸ்ட்ரஸ் முன்பே செய்திருந்தார்.

கறுப்பு வெள்ளைப் படத்தில் நிறம் பதிவாகாது, வெளிச்சத்தின் அளவுதான் பதிவாகும். சிவப்பு ஒளியில் தோலும் அதன் மேல் போட்ட சிவப்புக் கோடும் ஏறக்குறைய ஒரே அளவு மின்னும். கோடு காணாமல் போகும். ஒளி பச்சைக்கு மாறினால் அதே கோடு கறுத்து, சுருக்கமாகத் தெரியும்.

முதலில் சிவப்பைத் தேர்ந்தெடுங்கள். பாதி வேலை இதுதான். நாலைந்து சிவப்புப் பென்சில்களால் முன்கையில் கோடு போட்டு, சிவப்பு விளக்கில் மட்டும் படமெடுங்கள். எந்தக் கோடு அடியோடு மறைகிறதோ அதுதான் உங்களுக்கு. நீலம் கலந்த மெரூன் மறையாது. பிறகு முகத்தில் எல்லா இடத்திலும் ஒரே அழுத்தத்தில் இழுக்காமல், கண்ணோரத்தில் மெல்லியதாகவும் மூக்கிலிருந்து வாயோரம் இறங்கும் மடிப்பில் அழுத்தமாகவும் போடுங்கள். கன்னக் குழிக்குச் சிவப்பை விரலால் தேய்த்துப் பரப்பினால் போதும்.

சிவப்பு விளக்கும் பச்சை விளக்கும் ஒட்டியபடி, ஒரே உயரத்தில் இருக்க வேண்டும். தள்ளி வைத்தால் ஒளி மாறும்போது மூக்கின் நிழல் நகர்ந்து குட்டு உடைந்துவிடும். வேறு விளக்கு எதுவும் எரியக் கூடாது, ஜன்னலையும் மூடுங்கள்.

ஒவ்வொரு விளக்கையும் தனியாக எரியவிட்டு, கன்னத்தின் சாம்பல் அளவு இரண்டிலும் ஒன்றாக வரும்படி டிம்மர் (ஒளியைக் கூட்டிக் குறைக்கும் கருவி) நிற்கும் இடத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். ஃபிலிமில் எடுத்தால் பச்சையைக் கூட்ட வேண்டியிருக்கும். மாநிறத் தோல் சிவப்பைவிடப் பச்சையைக் குறைவாகவே திருப்பும். டிஜிட்டலில் சிக்கல் வேறு: திரையில் சிவப்பு மங்கலாகத் தெரிகிறதே என்று ஏற்றினால் சிவப்புச் சேனல் அளவு மீறி வெடித்து, முகத்தின் விவரம் போய்விடும். சிவப்பு, பச்சை, நீல அளவைத் தனித்தனியாகக் காட்டும் ஆர்ஜிபி பரேட் வரைபடத்தைப் பார்த்து அளவிடுங்கள். ஒயிட் பேலன்ஸ், எக்ஸ்போஷர் எதுவும் ஆட்டோவில் இருக்கக் கூடாது. எல்இடி விளக்கு குறைந்த ஒளியில் துடிக்கலாம் என்பதால் ஷட்டரை 1/50-இல் வைத்து, முழு இறக்கத்தையும் ஒருமுறை பதிவு செய்து பாருங்கள்.

பிறகு சிவப்பை இறக்கிக்கொண்டே பச்சையை ஏற்றுங்கள். 6 முதல் 8 விநாடி போதும். நடுவில் முகம் திடீரெனப் பளிச்சிட்டால், பச்சை சீக்கிரம் ஏறிவிட்டது என்று பொருள்.

பெரும்பாலும் சொதப்புவது முகமல்ல, சுற்றியிருப்பவைதான். சிவப்புச் சேலை வெள்ளையிலிருந்து கறுப்பாகும். நெற்றிக் குங்குமம் முதலில் மாயமாகிப் பின்பு முளைக்கும். ஆகவே உடையும் சுவரும் சாம்பல், கறுப்பு, வெள்ளை மட்டுமே. உதடு சிவப்பு ஒளியில் வெளிறிப் போகும். அடர்ந்த சாம்பல் பூச்சு இரண்டு ஒளியிலும் நிற்கும்.

பழைய ஆர்த்தோகுரோமாட்டிக் ஃபிலிம் கிடைத்தது என்று அதில் முயல வேண்டாம். அதற்குச் சிவப்பே தெரியாது, எல்லா நிற ஒளியையும் பதியும் பாங்குரோமாட்டிக் ஃபிலிம் வேண்டும். நோயாளி குணமாகும் காட்சி என்றால் பச்சையில் தொடங்கிச் சிவப்பில் முடியுங்கள். 1925-இன் 'பென்-ஹர்' படத்தில் தொழுநோய் நீங்குவது அப்படித்தான்.