ஹவாய்ப் பெண் பெயரின் பொருளையும் வேரையும் கண்டறிவது எப்படி? தொடக்கநிலையினருக்கான செய்முறை

குழந்தைப் பெயர்ப் பட்டியல்களில் லெய்லனி என்ற பெயருக்கு எதிரே “சொர்க்கத்துப் பூமாலை” என்று ஒரு வரி இருக்கும். அது பிழையல்ல, ஆனால் பாதிதான். ஹவாய் மொழியில் லெய் என்பது மாலையைக் குறிக்கும். தோளில் சுமக்கும் செல்லக் குழந்தையையும் குறிக்கும். லனி என்பது வானம். உயர்குலத் தலைவர், அரச குலத்தவர் என்ற பொருளும் அதற்கு உண்டு. ஆகவே அதே பெயருக்கு “அரச குலத்துக் குழந்தை” என்றும் பொருள் கொள்ளலாம். ஒரு குடும்பம் எதை மனத்தில் வைத்துச் சூட்டியது என்பதை அகராதி சொல்லாது.

அதனால் எந்த ஹவாய்ப் பெயரிடமும் இரண்டு கேள்விகளைத் தனித்தனியே கேளுங்கள். இந்தச் சொற்களுக்கு என்னென்ன பொருள் வரக்கூடும்? இந்தப் பெண்ணுக்கு ஏன் இதைச் சூட்டினார்கள்? முதல் கேள்விக்கு அகராதி போதும். இரண்டாவதற்குக் குடும்ப வரலாறு வேண்டும். இரண்டையும் ஒன்றாகக் குழப்புவதுதான் இணையத்தில் கிடைக்கும் பெரும்பாலான பெயர் விளக்கங்களின் கோளாறு.

தேவையானவை

பெயர் எழுதப்பட்டிருக்கும் மூலம் ஒன்று: பிறப்புச் சான்று, கல்லறைக் கல், பழைய கடிதம், எதுவானாலும் சரி. அடுத்து நல்ல அகராதி. மேரி கவெனா புகுஇ, சாமுவேல் எல்பர்ட் இருவரும் தொகுத்த அகராதிதான் இன்றும் அடிப்படை நூல். 1957இல் முதலில் வந்தது, 1986இல் திருத்தி விரிவாக்கப்பட்டது. உலுகௌ என்ற ஹவாய் மின்னூலகத்தில் அதை இலவசமாகத் தேடலாம். பழைய பொருள் வேண்டுமானால் 1865இல் வெளிவந்த லோரின் ஆண்ட்ரூஸ் அகராதியையும் பாருங்கள்.

இங்கே பெயர்களை எழுதியிருக்கும் முறையையும் தெரிந்துகொள்ளுங்கள். ஹவாய் உயிரெழுத்துகளில் குறிலும் நெடிலும் உண்டு; நமக்கு அது புதிதல்ல. நெடில் வரும் இடத்தில் நெடிலையே எழுதியிருக்கிறோம். ’ என்ற குறி வரும் இடத்தில் தொண்டையில் ஒரு கணம் காற்றை அடைத்து விட வேண்டும். அதன் பெயர் ’ஒகின. ஹவாய் மொழியில் அது முழு மெய்யெழுத்து. க, ப இரண்டையும் எங்கு வந்தாலும் வல்லோசையாகவே சொல்லுங்கள். மகன (பரிசு) என்பதை நம் “மகன்” போல உச்சரித்தால் தவறு.

தமிழர்களுக்கு நாக்கிலேயே இன்னொரு சிக்கல் இருக்கிறது. இரண்டு உயிர்கள் அடுத்தடுத்து வந்தால் நாம் நம்மை அறியாமல் யகர, வகர உடம்படுமெய்யைச் செருகிவிடுவோம். லெ’அ என்பது “லெய” ஆகிவிடும். அப்படிச் சொன்னால் ’ஒகின காணாமல் போகும்; அதோடு பொருளும் போகும். இதனால்தான் இந்தக் கட்டுரையில் சொல்லின் நடுவிலும் உயிரெழுத்துகளைத் தனியாக எழுதியிருக்கிறோம்.

படி 1: பெயர் ஹவாய் எழுத்துக்குள் அடங்குகிறதா?

ஹவாய் மொழிக்கு 5 உயிர்கள். மெய்கள் ஹ, க, ல, ம, ந, ப, வ என 7, அவற்றோடு ’ஒகின. எந்த அசையும் மெய்யில் முடியாது, இரண்டு மெய்கள் ஒட்டி வரா. பெயரில் ச, ர, ட, ய ஒலிகள் இருந்தாலோ, அசை மெய்யில் முடிந்தாலோ அது ஹவாய் வடிவம் அல்ல. அமெரிக்காவில் இன்று பரவலாகிவிட்ட கெஹ்லானி இந்தச் சோதனையில் நிற்காது, ஏனென்றால் ஹகரம் உயிரில்லாமல் நிற்கிறது. அந்தப் பெயரைக் கூடாது என்று சொல்லவில்லை. அந்த எழுத்துக்கூட்டலை வைத்து ஹவாய்ப் பொருள் தேட முடியாது, அவ்வளவுதான்.

ஒரு விலக்கு உண்டு. 1826இல் அச்சுக்காக எழுத்துகளை முறைப்படுத்தும் முன் மிஷனரிகள் ர, ட போன்றவற்றையும் பயன்படுத்தினார்கள். அந்தக் காலத்து ஆவணத்தில் ரகரம் இருந்தால் லகரமாகவும், டகரம் இருந்தால் ககரமாகவும் மாற்றிப் படியுங்கள்.

படி 2: விருந்தாளிப் பெயரா என்று பாருங்கள்

அகராதியைத் திறக்கும் முன் இதைச் செய்யுங்கள். எழுத்துச் சோதனையில் தேறிய பெயர்கள் எல்லாம் ஹவாய் வேரில் பிறந்தவை அல்ல. பைபிள் பெயர்களும் ஆங்கிலப் பெயர்களும் ஹவாய் ஒலிக்குள் வரும்போது த, ட, ச, ஷ, ஜ எல்லாம் பெரும்பாலும் ககரமாகும், ர லகரமாகும், ஃப பகரமாகும், மெய்களுக்கு இடையிலும் கடைசியிலும் ஓர் உயிர் சேரும். எலிசபெத் எலிகபெக ஆனது இப்படித்தான். மார்கரெட் மகலெக, விக்டோரியா விகொலிஅ, சூசன் குகன, ரெபெக்கா லெபெக. மேரிக்கு மலிஅ, மெலெ என்று இரண்டு வடிவங்கள்.

இதைத் தவறவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு மகலெகவே சாட்சி. மக என்றால் கண், லெக என்றால் கடிதம் என்று அகராதி காட்டும். இரண்டையும் சேர்த்துக் கதை கட்டினால் இல்லாத பொருள் ஒன்று பிறந்துவிடும்.

கலப்பும் உண்டு. அரசி எம்மாவை மக்கள் எமலனி என்று அழைத்தார்கள்: எம்மாவோடு லனி. மௌஇ தீவின் அதிகாரபூர்வ மலரான லொகெலனியில் லொகெ என்பது ரோஜாவைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லின் ஹவாய் வடிவம்.

படி 3: தொலைந்த குறிகளை மீட்டெடுங்கள்

மிக அதிகமாகத் தவறு நடப்பது இங்கேதான், பொறுமையும் அதிகம் தேவை. 19ஆம் நூற்றாண்டு ஹவாய்ச் செய்தித்தாள்களும் ஆவணங்களும் ’ஒகினவையும் நெடில் குறியையும் பெரும்பாலும் எழுதவில்லை. தாய்மொழியாகப் பேசியவர்களுக்கு அது தேவைப்படவில்லை. நமக்குத் தேவை.

குறியில்லாத பெயரை எடுத்துக்கொண்டு, சாத்தியமான எல்லா வடிவங்களையும் தாளில் எழுதுங்கள். ஆங்கில எழுத்தில் ஒரே மாதிரி தெரியும் ஒன்றைப் பாருங்கள். கல என்றால் அவிழ்த்தல், மன்னித்தல். ஒரு மீனின் பெயரும் அதுவே. கலா என்று பிரிந்தால் க + லா, சூரியன் (முன்னால் வரும் க, கெ இரண்டும் ஆங்கில the போன்ற சுட்டுகள்). காலா என்றால் பணம். இதற்கு மேல் சாராவின் ஹவாய் வடிவமும் கலதான். நாலும் குறியில்லாமல் எழுதினால் ஒன்றே.

பெண் பெயர்களில் அடிக்கடி வரும் இன்னொன்று கெஅல. கெ + அல என்றால் “பாதை”. கெ’அல என்றால் “நறுமணம்”. இரண்டுமே உண்மையான பெயர்கள். கலெ’அ என்பதும் அப்படியே: லெ’அ மகிழ்ச்சி, ஆனால் ’ஒகின இல்லாத லெஅ படகு செய்வோரின் பெண் தெய்வம். மலிஅ மேரி, மாலிஅ என்று முதல் அசை நீண்டால் கடலின் அமைதி.

எந்த வடிவம் சரி என்று தீர்மானிக்க ஒரே நம்பகமான வழி, அந்தக் குடும்பத்தில் யாராவது பெயரைச் சொல்லக் கேட்பது. அது முடியாவிட்டால் எல்லா வடிவங்களையும் வைத்துக்கொண்டே அடுத்த படிக்குப் போங்கள். பிடித்த பொருளைத் தேர்ந்தெடுத்து மற்றவற்றை அடித்துவிடாதீர்கள்.

படி 4: பெயரைப் பிரியுங்கள்

முதலில் தலையைப் பாருங்கள். க, கெ இரண்டும் ஒருமைச் சுட்டு, நா பன்மைச் சுட்டு. க, எ, அ, ஒ என்ற எழுத்துகளில் தொடங்கும் சொற்களுக்குக் கெ வரும், மற்றவற்றுக்குப் பொதுவாகக் க. ’ஒகினவில் தொடங்கும் சொற்களில் இரண்டும் வரும், அங்கே அகராதியைத்தான் நம்ப வேண்டும். கெஒல = கெ + ஒல, வாழ்வு. கனொஎ = க + நொஎ, மூடுபனி. நாலனி = நா + லனி, வானங்கள். கு’உ என்று தொடங்கினால் “என்” என்று பொருள். கு’உலெய் “என் மாலை” அல்லது “என் குழந்தை”.

அடுத்து வாலைப் பாருங்கள். லனி, நனி (அழகு), லெய், புஅ போன்றவை அடிக்கடி வரும். ஹவாய் மொழியில் அடை பின்னால் வரும். தமிழில் முன்னால் வரும். எனவே பிரித்த பிறகு பின்னாலிருந்து படித்தால் தமிழ் வரிசை கிடைக்கும். புஅ + நனி: அழகிய மலர். நொஎ + லனி: வானத்து மூடுபனி.

தவறான இடத்தில் வெட்டுவது இந்தப் படியின் ஆபத்து. கமகனி என்ற பெயரில் கம (குழந்தை) + கனி (ஒலி) என்று வெட்ட ஆசை வரும். ஆனால் மகனி என்றால் காற்று, ஆக அது க + மகனி. வெட்டிய துண்டுகளில் மிக நீளமானது முழுச்சொல்லாக அகராதியில் இருக்கிறதா என்று முதலில் தேடுங்கள், பிறகு சிறு துண்டுகளுக்கு வாருங்கள்.

படி 5: எல்லாப் பொருளையும் படியுங்கள்

அகராதியில் முதல் வரியோடு நிற்காதீர்கள். புஅ மலர், பிள்ளை, சந்ததி என்பதும் அதுவே. ஹௌ ஒரு மரம், குளிர்காற்று, பனித்துளி, உறைபனி. அதனால் ஹௌனனியின் அழகு மரத்துடையதா பனியுடையதா என்று பெயரை மட்டும் வைத்துச் சொல்ல இயலாது. கஒன என்று ஹவாய்க் கவிதையில் ஒரு மரபு உண்டு: சொல்லின் மேல் ஒரு பொருள், அடியில் கேட்க வேண்டியவருக்கு மட்டும் புரியும் இன்னொரு பொருள். பெயர்களிலும் அது வாழ்கிறது. கபி’ஒலனி என்றால் வானத்து வளைவு, அதாவது வானவில். வானவில் அரச குலத்தவரின் இருப்பைக் காட்டும் அடையாளம் என்பது தெரிந்தால்தான் அந்தப் பெயர் ஏன் ஓர் அரசிக்குப் பொருந்தியது என்பது விளங்கும்.

பெண் பெயரா ஆண் பெயரா என்று அகராதியில் தேட வேண்டாம். ஹவாய் இலக்கணத்தில் பால் வேறுபாடு இல்லை. கலனி, கெஅல, மகன மூன்றும் இருபாலருக்கும் வைக்கப்படுபவை. மலரும் மணமும் வரும் பெயர்கள் பெண்களிடம் அதிகம் என்பது வழக்கம் மட்டுமே.

படி 6: சூட்டிய காரணத்தைத் தேடுங்கள்

உண்மையான செல்வம் இங்கேதான் இருக்கிறது. பெயருக்கு ஹவாய் மொழியில் இனொஅ என்று பெயர். அது வந்த வழியை வைத்து வகைகள் உண்டு. கனவில் வந்தது இனொஅ போ. வானிலோ இயற்கையிலோ கண்ட அறிகுறியால் வந்தது இனொஅ ஹோ’அஇலொன. யாரும் இல்லாத இடத்தில் கேட்ட குரலால் வந்தது இனொஅ ’ஊலாலெஒ. முன்னோர் பெயர் இனொஅ கூபுன. தீய ஆவிகள் குழந்தையை நெருங்காதிருக்க அருவருப்பான பெயர் வைப்பது இனொஅ கூஅமுஅமு. நம்மூரில் குப்பம்மாள் என்று வைத்த காரணம் தெரிந்தவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம்.

நிகழ்ச்சியை நினைவில் நிறுத்தும் பெயர் இனொஅ ஹொ’ஒமன’ஒ. இதற்கு ஹவாயின் கடைசி அரசியே சான்று. 1838இல் அவர் பிறந்தபோது, அரசருக்கு அடுத்த அதிகாரத்தில் இருந்த கீன’உ என்ற பெண்மணி கண்நோயால் அவதிப்பட்டுக்கொண்டிருந்தார். குழந்தைக்கு அவர் சூட்டிய பெயர் லிலி’உ லொலொகு வலனிஅ கமக’எஹ: எரிச்சல், கண்ணீர், வேதனை, புண்பட்ட கண். 1877இல் அண்ணன் கலாகௌஅ அவரை வாரிசாக அறிவித்தபோது லிலி’உஒகலனி என்ற பெயரைத் தந்தார். அகராதி மட்டும் வைத்திருப்பவர் இந்தப் பெயரைப் பார்த்து ஒரு குழந்தைக்கு ஏன் எரிச்சல் என்று பெயர் என்று திகைத்துப்போவார். பௌஅஹியும் அப்படித்தான்: பௌ (முடிந்தது) + அஹி (நெருப்பு). பெர்னிஸ் பௌஅஹி பிஷப்புக்கு அந்தப் பெயர், சிறுவயதில் தீவிபத்திலிருந்து தப்பிய அத்தையின் நினைவாக வந்தது.

தேடும்போது 1860ஆம் ஆண்டின் பெயர்ச் சட்டத்தை மனத்தில் வையுங்கள். அதன்படி பிறக்கும் குழந்தைக்குத் தந்தையின் பெயர் குடும்பப் பெயராகவும், பாலுக்கு ஏற்ற ஒரு கிறித்தவப் பெயர் முதற்பெயராகவும் அமைய வேண்டும். அந்தச் சட்டம் 1967 வரை நீடித்தது. விளைவு, ஹவாய்ப் பெயர் நடுப்பெயராக ஒதுங்கியது. ஆவணத்தில் முதற்பெயரை மட்டும் பார்த்துவிட்டு “ஹவாய்ப் பெயர் இல்லை” என்று முடிவுகட்டாதீர்கள், நடுவில் தேடுங்கள். 1834 முதல் 1948 வரை வெளிவந்த ஹவாய் மொழிச் செய்தித்தாள்களில் பிறப்பு, திருமணம், இரங்கல் செய்திகளும் பெயருக்காகப் பாடப்பட்ட வாழ்த்துப் பாடல்களும் நிறைய உள்ளன. சூட்டிய காரணம் அந்தப் பாடல்களில் ஒளிந்திருக்கலாம்.

படி 7: உறவு மொழிகள்

இதைச் சுருக்கமாக முடித்துவிடலாம். பசிபிக் தீவுகளின் பொலினேசிய மொழிகள் ஹவாய்க்கு உறவு. லனி நியூசிலாந்தின் மவோரி மொழியில் ரங்கி, டோங்க மொழியில் லங்கி. பிற பொலினேசிய மொழிகளின் தகரம் ஹவாயில் ககரமாகவும், ககரம் ’ஒகினவாகவும், ங ஒலி னகரமாகவும் மாறியிருக்கும். மொஅன (ஆழ்கடல்) பல தீவுகளுக்குப் பொதுவான சொல். அந்தப் பெயருள்ள பெண் மவோரியாகவும் இருக்கலாம், எனவே குடும்பம் எந்தத் தீவைச் சேர்ந்தது என்று முதலில் கேளுங்கள்.

படி 8: முடிவை எழுதி வையுங்கள்

உறுதியானதையும் ஊகத்தையும் தனித்தனியே எழுதுங்கள். ஒரு மாதிரி:

பெயர்: விக்டோரியா க’இஉலனி. பிறப்பு: 1875, ஹொனொலுலு. பிரிப்பு: க + ’இஉ + லனி. ’இஉ: உயர்ந்தது, புனிதமானது. லனி: வானம், அரச குலத்தவர். வரக்கூடிய பொருள்கள்: “வானத்தின் உச்சி”, “புனிதமான அரச குலத்தவள்”. முதற்பெயர்: பிரிட்டிஷ் அரசியின் பெயர், ஹவாய் வடிவம் விகொலிஅ. உச்சரிப்பு: க-வுக்குப் பின் காற்றை நிறுத்தி, கடைசிக்கு முந்தைய அசையான ல-வில் அழுத்தம்; அழுத்தம் மட்டும்தான், “லானி” என்று இழுக்கக் கூடாது.