பித்தோன் த லா ஃபூர்நேஸ்: ரீயூனியன் எரிமலைக்குள் இறங்கி நடப்பது எப்படி

காலை பத்து மணிக்கு மேல் போனால் இந்த எரிமலையைப் பார்க்க முடியாமலே திரும்ப நேரிடும். கடற்கரையில் வெயில் காயும். மேலே மேகம் மூடியிருக்கும். அதனால் கடலோர ஊரில் தங்குகிறவர்கள் அதிகாலை நான்கு மணிக்கே வண்டியை எடுத்துவிட வேண்டும். முந்தின இரவு மலைமேல் பூர்-முராவில் தங்கினால் இன்னும் நல்லது.

ரீயூனியன், மடகாஸ்கருக்குக் கிழக்கே உள்ள பிரெஞ்சுத் தீவு. கடலடியிலிருந்து ஏறத்தாழ 7000 மீட்டர் எழும்பிய எரிமலையின் தலைப்பகுதிதான் நாம் காணும் நிலம். தென்கிழக்கில் இருக்கும் பித்தோன் த லா ஃபூர்நேஸின் உயரம் 2632 மீட்டர். பெரும்பாலான ஆண்டுகளில் ஒரு முறையாவது லாவா கக்கும். அடங்கியிருக்கும் நாட்களில் யாரும் நடந்து போகலாம், கட்டணம் இல்லை. பிரான்ஸ்தானே என்று ஷெங்கன் விசாவை மட்டும் நம்பிக் கிளம்பிவிடாதீர்கள். இந்தத் தீவு ஷெங்கன் பகுதிக்குள் வராது, தனியாக விசாரிக்க வேண்டும்.

மே முதல் நவம்பர் வரை ஏற்ற காலம். ஜனவரியிலிருந்து மார்ச் வரை புயல் மழை. மழை என்றால் சாதாரண மழை இல்லை: 2007 பிப்ரவரியில் கமேத் புயலின்போது, எரிமலைச் சாலையை ஒட்டிய கொமெர்சோன் பள்ளத்தருகே மூன்றே நாளில் 3929 மில்லிமீட்டர் கொட்டியது. சென்னையில் இரண்டு வருடம் பெய்வதைவிட அதிகம். அந்த மாதங்களில் போக நினைக்காதீர்கள்.

பூர்-முராவிலேயே பெட்ரோலும் குடிதண்ணீரும் நிரப்பிக்கொள்ளுங்கள். அங்கிருந்து சாலை புல்வெளிகளைக் கடந்து ஏறி, திடீரென்று ப்ளேன் தே சாப்ல் என்ற சமவெளியின் விளிம்புக்கு வரும். கீழே ஒரு மரம்கூட இல்லாத, செம்பழுப்பும் கறுப்புமான தரை. பிரெஞ்சுப் பெயருக்கு 'மணல் சமவெளி' என்று பொருள், ஆனால் அது மணல் அல்ல, எரிமலை வீசி எறிந்த கற்பொடி. அதில் இறங்கியதும் தார்ச்சாலை முடிந்துவிடும். குழிகள் அதிகம், மெதுவாக ஓட்டுங்கள். சாலை முடியும் இடம் பா த பெல்கோம், 2311 மீட்டர்.

அங்கே கதவு திறந்திருக்கிறதா என்று பாருங்கள். வெடிப்பு நெருங்குவதாக எரிமலை ஆய்வுக்கூடம் சொன்னால் அரசு நிர்வாகம் உள்ளே போவதைத் தடைசெய்து கதவை மூடிவிடும். தரைக்கடியில் லாவா மேலேறத் தொடங்கி வெடிப்பதற்குள் ஒரு மணி நேரத்துக்கும் குறைவாகவே அவகாசம் இருப்பதுண்டு. பூட்டிய கதவைத் தாண்டிக் குதிப்பவர்களுக்குத் தப்பிக்க நேரம் இருக்காது.

ஆளுக்கு இரண்டரை லிட்டர் தண்ணீர் வேண்டும். வழியில் ஒரு சொட்டுக்கூடக் கிடைக்காது. கணுக்காலை மூடும் காலணி, காற்றுத் தடுக்கும் மேலங்கி, தொப்பி, வெயில் களிம்பு, நெற்றி விளக்கு, மெல்லிய கையுறை ஆகியவையும் வேண்டும். ஜூலையில் விடியற்காலையில் தரை உறைந்து கிடக்கும். அந்தக் குளிர்காற்றில் வெயில் சுடுவதே தெரியாது. மாலையில்தான் கழுத்து எரியும்.

கதவைத் தாண்டினால், எரிமலையைச் சூழ்ந்த பெரும் பள்ளத்துக்குள் இறங்க ஐந்நூற்றுக்கும் மேற்பட்ட படிகள். இறங்கும்போது பக்கத்துப் பாறைச் சுவரைக் கவனியுங்கள்: அடுக்கு அடுக்காக, ஒன்றன்மேல் ஒன்றாய்ப் படிந்த பழைய லாவா. மகாபலேஷ்வர் மலைச்சரிவுகளைப் பார்த்தவர்களுக்கு இது புதிதாக இருக்காது. சுமார் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் இந்தியத் தட்டு இதே வெப்பப்புள்ளியின் (பூமியின் ஆழத்திலிருந்து வெப்பம் மேலெழுந்து எரிமலைகளை உண்டாக்கும் இடம்) மேல் நகர்ந்தபோதுதான் தக்காணத்தின் லாவாப் பாறை அடுக்குகள் உருவாயின. மேலிருந்த தட்டுகள் நகர நகர, மாலத்தீவுக்கு அடித்தளமான மேடு, மொரீஷியஸ், கடைசியாக இந்தத் தீவு என்று அந்த வெப்பப்புள்ளி தடம் விட்டிருக்கிறது.

கீழே இறங்கியதும் ஃபோர்மிகா லேயோ, 1753இல் உண்டான சின்னச் செந்நிறக் குன்று. அதைத் தாண்டினால் இரண்டு வகை லாவா மாறி மாறி வரும். ஒன்று, முறுக்கிப் போட்ட கயிறு போல மடிப்பு மடிப்பாக, மழமழவென்று இருப்பது. மேல்தோல் ஆறி இறுகத் தொடங்கும்போது அடியில் ஓடும் குழம்பு அதை இழுத்துச் சுருக்கியதால் வந்த மடிப்பு. காலுக்குச் சுகம், ஆனால் சில இடங்களில் உள்ளே வெற்றிடம் இருக்கும். தட்டினால் குடம் போல ஒலிக்கும். அதில் குதிக்காதீர்கள். மற்றது உடைந்த கட்டிகளின் குவியல். உள்ளூரில் இதை கிராத்தோன் என்பார்கள். கண்ணாடிச் சில்லு போலக் கூர்மையானது, வெறுங்கையை ஊன்றினால் உள்ளங்கை கிழியும். கையுறை அதற்காகத்தான். ஒரு துண்டைக் கையில் எடுத்து வெயிலில் திருப்பிப் பாருங்கள்: சில லாவாக்களில் கல்கண்டு போன்ற பச்சை மணிகள் மின்னும். அது ஆலிவின் என்னும் கனிமம். பார்த்துவிட்டுக் கல்லை அங்கேயே வைத்துவிடுங்கள், தேசியப் பூங்காவிலிருந்து எடுத்துவரத் தடை.

பாதை என்று தனியாக ஒன்று இல்லை. பாறைகளில் வெள்ளைப் பொட்டுகள்தான் வழி. வழிதவறுகிறவர்கள் பெரும்பாலும் பனிமூட்டத்தில், 'நேரே போனால் வந்துவிடும்' என்று நடந்தவர்கள். அடுத்த பொட்டு கண்ணில் படாமல் இப்போதைய பொட்டை விட்டு நகராதீர்கள். மூட்டம் கனத்தால் அப்படியே உட்கார்ந்து காத்திருங்கள். அவசர உதவிக்கு 112.

மேலே, எரிமலையின் உச்சியில் தோலோமியூ பள்ளம். 2007 ஏப்ரலில், உச்சிக்கு அடியில் இருந்த குழம்பு பக்கவாட்டில் வடிந்து தாழ்வான இடத்தில் கொட்ட, தாங்கல் இல்லாமல் அடித்தளம் முந்நூறு மீட்டருக்கு மேல் உள்வாங்கியது. விளிம்பில் விரிசல்கள் உண்டு. படம் எடுக்கிற ஆசையில் தடுப்புக் கயிற்றைத் தாண்ட வேண்டாம்.

போய்வர ஐந்து முதல் ஆறு மணி நேரம். களைத்துத் திரும்பும்போதுதான் அந்தப் படிகளை ஏற வேண்டியிருக்கும். அதற்கென்று அரை லிட்டர் தண்ணீரை ஒதுக்கி வையுங்கள்.

மறுநாள் கிழக்குக் கடற்கரைச் சாலையில் போங்கள். பித்தோன் சேன்த்-ரோசில், 1977இல் லாவா வாசல்வரை வந்து நின்ற தேவாலயம் இருக்கிறது. அதற்குத் தெற்கே, 2007 குழம்பு சாலையை மூடிக் கடலில் விழுந்து புது நிலம் உண்டாக்கிய இடம். அங்கே பல ஆண்டுகள் கழித்தும் மழை பெய்தால் பாறையிலிருந்து ஆவி எழுந்தது. அந்தப் பகுதியில் 2004 லாவாவின் குகைகளுக்குள் வழிகாட்டியோடு நுழையலாம். தலைக்கவசமும் விளக்கும் அவர்களே தருவார்கள், முழங்கால் மூடும் கால்சட்டை நீங்கள் கொண்டுபோக வேண்டும்.