ஃப்ளாக் என்று பெயர் வைத்தால் போதுமா?

கொழிஞ்சாம்பாறையில் என் வீட்டுத் திண்ணைக்கு மாதம் ஒரு பையனாவது பென் டிரைவோடு வந்துவிடுகிறான். "அண்ணா, எல்லாம் லாஸ்லெஸ், கேட்டுப் பாருங்கள்" என்பான். ஒலியில் எதையும் இழக்காமல் சேமித்தது என்று அர்த்தம்; ஃப்ளாக் அப்படி ஒரு கோப்பு வகை. போட்டால், இருபது வருடத்துக்கு முன் நான் செய்த அதே மடத்தனம். லாஸ்லெஸ்ஸில் ராக் பாட்டு கேட்கப் போய்ச் செய்யும் தவறுகளைச் சொல்கிறேன். சத்தத்தைக் கூட்டிக் காதைக் கெடுப்பதைப் பற்றி அம்மாவே திட்டிவிடுவார், அதை விடுங்கள்.

எம்பி3-ஐ ஃப்ளாக் ஆக்குவது

அமெரிக்க ராக் குழு ஆலிஸ் இன் செயின்ஸின் 'டர்ட்', 1992-இல் வந்த ஆல்பம். வேலந்தாவளம் வழியாக பஸ்ஸில் போய்க் கோயம்புத்தூரில் சிடி வாங்கினேன். கணினியில் இடமில்லை என்று எம்பி3-ஆக ஏற்றிக்கொண்டு, சிடியை வளைகுடாவுக்குப் போன நண்பனுக்குத் தாரை வார்த்தேன். சிடியில் ஒரு நொடி ஒலிக்கு 1,411 கிலோபிட் தரவு. நான் வைத்துக்கொண்டது 128.

பிறகு லாஸ்லெஸ் ஆசை பிடித்தது. அந்த எம்பி3-களையே ஃப்ளாக்காக மாற்றினேன். 55 எம்பி ஆல்பம் பல மடங்கு வீங்கியது. ஆனாலும் டிரம்ஸின் சிம்பல் தட்டு தண்ணீருக்குள் அடிப்பது போலவே கேட்டது. பழியை ஹெட்போன் மேல் போட்டுப் புதிது வாங்கினேன். இரண்டு மாதச் சேமிப்பு! அப்போதும் அதே தண்ணீர்ச் சிம்பல்.

காதுக்கு எட்டாது என்று கணித்ததையெல்லாம் எம்பி3 வெட்டி எறிந்துவிடும். எறிந்தது திரும்பாது. ஃப்ளாக்குக்குக் கொடுத்ததை மடித்து வைக்க மட்டுமே தெரியும். கந்தலைக் கொடுத்தால் கந்தலைத்தான் மடிக்கும்.

சந்தேகமானால் ஆடாசிட்டி என்ற ஒலி மென்பொருளில் கோப்பைத் திறந்து, எந்த அதிர்வெண் வரை ஒலி இருக்கிறது என்று காட்டும் ஸ்பெக்ட்ரோகிராம் படத்தைப் பாருங்கள். சிடியிலிருந்து நேராக எடுத்ததில் சிம்பல் விழும் இடங்கள் பெரும்பாலும் 20 கிலோஹெர்ட்ஸை நெருங்கும். 128 கிலோபிட்டிலிருந்து வந்தது 16-க்குப் பக்கத்தில் அரிவாளால் அறுத்தது போல நின்றுவிடும். போன வாரம் ஒரு சித்தூர்ப் பையனுக்குக் காட்டினேன். காசு கொடுத்து நிரப்பி வந்த ஹார்ட் டிஸ்க் முழுக்க அரிவாள் வெட்டு. தேநீரைக்கூடக் குடிக்காமல் எழுந்து போனான்.

வேறு பதிப்புகளை ஒப்பிடுவது

பேர்ல் ஜாம் ராக் குழுவின் 'டென்' ஆல்பம் 1991-இல் வந்தது. 2009-இல் இசைத் தயாரிப்பாளர் பிரெண்டன் ஓபிரையன் அதன் கலவையையே மாற்றினார். பழையதில் மிதந்த எதிரொலி குறைந்துவிட்டது. பழையதை எம்பி3-இலும் புதியதை ஃப்ளாக்கிலும் கேட்டுவிட்டு "வித்தியாசம் தெரிகிறது" என்று துள்ளாதீர்கள். தெரியத்தான் செய்யும்; கலவையே வேறு.

ப்ளூடூத்

பாட்டைப் பெரும்பாலும் மறுபடி சுருக்கித்தான் ஹெட்போனுக்கு அனுப்பும். வயரைச் செருகுங்கள்.

கிட்டார் கரகரப்பு

இந்தக் குழுக்களின் பாட்டில் அது பழுதில்லை. வேண்டுமென்றே வைத்தது.